மகன் பார்க்கிற வீடு

ரீத்தம்மாள் மீன் விற்ற காலத்தில் வடசேரியில் அவளுடைய தொண்டைக்கு ஒரு மரியாதை இருந்தது. முக்கில் நின்று "சாளையோய்" என்று ஒரு சத்தம் விட்டால் போதும், மூன்று தெரு தள்ளி மொட்டைமாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருப்பவள் போட்டதைப் போட்டபடி விட்டுவிட்டுப் பாத்திரத்தோடு இறங்கி வருவாள். முட்டத்திலிருந்து முதல் பஸ்ஸில் மீன் நிறைந்த அலுமினியச் சருவத்தோடு ஏறும் பெண்கள் எத்தனையோ பேர். கண்டக்டர்கள் பயந்தது இவள் ஒருத்திக்குத்தான். மீன் தண்ணி சொட்டுகிறது, சருவத்தை இறக்கு என்று ஒருநாள் சொன்னவனை அவள் பேசிய பேச்சில், அந்த மனிதன் ரூட்டையே மாற்றி வாங்கிக்கொண்டு போய்விட்டான் என்று சொல்வார்கள். உண்மையா என்று கேட்டால் ரீத்தம்மாள் சிரிப்பாள். இல்லை என்று மட்டும் சொல்லமாட்டாள்.

கணவன் கிளீட்டஸ், மகனுக்கு மீசை முளைக்கும் முன்பே போய்ச் சேர்ந்தான். கடல் கொண்டுபோகவில்லை. கடற்கரைக்காரன் செத்தால் உடனே கடலைத் திட்டுகிறவர்களுக்காக இதைச் சொல்ல வேண்டியிருக்கிறது. மஞ்சள்காமாலை, அதைக் கண்டுகொள்ளாமல் குடித்த குடி, அவ்வளவுதான். அதன்பிறகு சருவத்தைத் தலையில் ஏற்றியவள், ஒற்றை மகன் சிஜோ இன்ஜினியரிங் முடித்துத் துபாய்க்குப் பிளேன் ஏறும்வரை இறக்கவில்லை. மகனை யாரும் மீன்காரி மகன் என்று சொல்லிவிடக் கூடாதே என்று, அவன் படித்த கல்லூரி இருக்கும் திசைக்கே அவள் மீன் கொண்டுபோனதில்லை. அவன் அப்படிக் கேட்டுக்கொண்டது கிடையாது. கேட்காமலே செய்தாள், அவனும் அதைக் கவனிக்காதவன் போலவே படித்து முடித்தான்.

துபாய் அவனுக்குக் கைகொடுத்தது. நல்ல வேலை, நல்ல இடத்தில் கல்யாணம். மனைவி அஜிதா படித்தவள், சுறுசுறுப்பானவள், வாயைத் திறந்தால் தேன். கல்யாணத்துக்குப் பிறகு சிஜோ அம்மாவை "நீ" என்று கூப்பிடுவதை நிறுத்தி "நீங்க" என்று ஆரம்பித்தான். மகனுக்குத் தன்மேல் மரியாதை கூடிவிட்டது என்று ரீத்தம்மாள் ஊரெல்லாம் சொல்லி மகிழ்ந்தாள். பிறகு நாகர்கோவிலில், பார்வதிபுரம் தாண்டி, டாக்டர்மாரும் பேராசிரியர்மாரும் இருக்கிற ஒரு புதுத்தெருவில் மாடி வைத்து வீடு கட்டினார்கள். அவ்வளவு பெரிய வீட்டைப் பூட்டிப்போட்டால் கரையான் ஏறும். அம்மாவும் சும்மாதானே இருக்கிறாள் என்று முட்டத்திலிருந்து அவளைக் கூட்டிக்கொண்டு வந்து வைத்தார்கள்.

வீட்டுக்கு வெளியேயும் உள்ளேயும் கேமரா வைத்தான் சிஜோ. துபாயில் இருந்தபடியே போனில் வீட்டைப் பார்க்கலாம். பார்ப்பது மட்டுமல்ல, அங்கிருந்து பேசினால் இங்கே கேமராவுக்குள்ளிருந்து குரல் வரும். முதல் இரண்டு மாதம் அவனுக்கு அது புது விளையாட்டுச் சாமான். ஆபீஸில் டீ குடிக்கும்போதெல்லாம் திறந்து பார்த்தான். அம்மா, சேலையைத் தூக்கி இடுப்பில் சொருகாதீங்க. அம்மா, அடுக்களையில் மீன் ஆயாதீங்க, மணம் போகாது, பின்வாசலுக்குப் போங்க. அம்மா, போன்ல இவ்வளவு சத்தமா பேசாதீங்க, பக்கத்து வீட்டு டாக்டர் என்ன நினைப்பாரு. ரீத்தம்மாள் சேலையை இறக்கிவிட்டாள், பின்வாசலுக்குப் போனாள், சத்தத்தைக் குறைத்தாள். பஸ் கண்டக்டரை நடுங்கவைத்த தொண்டை, சில மாதங்களிலேயே நோயாளி இருக்கும் வீட்டில் பேசுவதுபோல் பேசப் பழகிக்கொண்டது.

ஒருநாள் அடுப்பில் குழம்பை வைத்துவிட்டு மாடிக்குப் போனவள் அப்படியே மறந்துவிட்டாள். அடிப்பிடித்துப் புகை கிளம்பிய நேரத்தில் வீடு முழுக்க அவன் குரல் கேட்டது: "அம்மா, சட்டி கரியுது, ஓடுங்க." ஓடிவந்து அடுப்பை அணைத்தவள், மூச்சு வாங்க, கேமராவைப் பார்த்துக் கைகூப்பினாள். கடல் கடந்து இருக்கிற பிள்ளை, அம்மாவின் சட்டி கரிவதைப் பார்த்திருக்கிறான். பெற்ற வயிறு குளிர்ந்துபோயிற்று. அன்றைக்கு அவள் மனதில் விழுந்த நம்பிக்கையை அதற்குப் பிறகு யாராலும் அசைக்க முடியவில்லை.

அன்றிலிருந்து அவள் தனியாக இருக்கவே இல்லை, அவள் கணக்கில். காலையில் எழுந்ததும் ஹாலில் உள்ள கேமராவுக்கு முன்னால் வந்து தோத்திரம் சொல்வாள். சோறு போட்டால் தட்டைத் தூக்கிக் காட்டி, இன்னைக்கு அயிலைக் குழம்பு மக்கா, நீ என்ன தின்னே என்று கேட்டுவிட்டுத்தான் உட்காருவாள். வெளியே போவதென்றால் சொல்லிவிட்டுப் போவாள், வந்ததும் வந்துட்டேன் என்பாள். கொஞ்ச நாளில் கேமராவுக்குள்ளிருந்து பதில் வருவது நின்றுபோயிற்று. அதற்கும் அவளே காரணம் கண்டுபிடித்து வைத்திருந்தாள்: பெரிய உத்தியோகம், சுற்றிலும் ஆட்கள், பேசமுடியாது, ஆனால் பார்க்கிறான்.

அவன் பார்க்கவில்லை. இதை மறைத்துவைத்துக் கடைசியில் சொல்லி வாசிக்கிறவர்களைத் திடுக்கிடவைக்க எனக்கு ஆசையில்லை. விளையாட்டுச் சாமானில் இரண்டு மாதத்தில் சலிப்புத் தட்டிவிட்டது. பிறகு அவன் போனை மாற்றினான். புதுப் போனில் அந்த ஆப்பை ஏற்றவே இல்லை. சிஜோ கெட்டவன் இல்லை. கெட்டவனாக இருந்திருந்தால் நாலு வார்த்தை ஏசிவிட்டு ஆறிப்போகலாம். ஞாயிற்றுக்கிழமை போன் பண்ணுவான், மருந்து தின்னீங்களா என்று கேட்பான், பேரப்பிள்ளையின் முகத்தை ஒரு நொடி காட்டுவான். அம்மாவுக்கு ஒரு குறையும் வைக்கவில்லை என்று மனதார நம்புகிற பிள்ளை அவன்.

பார்த்தது வேறொருவன். அஜிதா அங்கே ஒரு யூடியூப் சேனல் நடத்திக்கொண்டிருந்தாள். சமையல், வீட்டுச் சாமான், கல்ஃப் வாழ்க்கை என்று முதலில் ஓடாமல் கிடந்த சேனல். இந்தியாவில் உள்ள பாத்திரக் கம்பெனிகளும் மிஷின் கம்பெனிகளும் விளம்பரத்துக்காக இலவசமாக அனுப்பும் சாமான்கள் நாகர்கோவில் விலாசத்துக்கு வர ஆரம்பித்தன. மாமி அவற்றைப் பிரித்து வைத்தால் போதும் என்பதுதான் ஏற்பாடு. எண்ணெய் இல்லாமல் பொரிக்கிற மிஷின் வந்த அன்று, ரீத்தம்மாள் அதற்குள் முழு அயிலையை வாலோடு திணித்துக் கதவைச் சாத்த முடியாமல் மல்லுக்கட்டியது அடுக்களைக் கேமராவில் பதிந்திருந்தது. அஜிதா அதை எடுத்து, பின்னால் சிரிப்புச் சத்தம் சேர்த்துப் போட்டாள். ஒரே நாளில் சேனல் பிய்த்துக்கொண்டு போயிற்று. அதற்கப்புறம் வினோஜ் என்று ஒரு எடிட்டரைச் சம்பளத்துக்கு வைத்து, கேமராவின் பாஸ்வேர்டை அவனிடம் கொடுத்தார்கள். வாரக் கடைசியில் அவன் உட்கார்ந்து வாரம் முழுக்கப் பதிந்ததை வேகமாக ஓட்டிப் பார்த்து, மாமி தடுமாறுகிற இடமாக வெட்டியெடுத்து அனுப்புவான். மாமியிடம் இதையெல்லாம் யாரும் கேட்கவில்லை. வீட்டு மாமிதானே.

பார்சல்கள் வந்தபடி இருந்தன. முதுகு பிடித்துவிடுகிற நாற்காலி வந்தது. அதில் உட்கார்ந்து, யாரோ உள்ளே இருந்து குத்துகிறான் என்று அவள் துள்ளி எழுந்ததை லட்சக்கணக்கான பேர் பார்த்தார்கள். தரையில் தானாக உருண்டு பெருக்கித் துடைக்கிற வட்ட மிஷின் வந்தது. போன பக்கமெல்லாம் அது பின்னாலேயே வருகிறது என்று அவள் விளக்குமாற்றை ஓங்கிக்கொண்டு நின்றாள். அதையும் பார்த்தார்கள். வடசேரி பஸ் ஸ்டாண்டில் கல்லூரிப் பிள்ளைகள் சிலர் ஓடிவந்து அவளைச் சுற்றி நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். அயிலை அம்மா, அயிலை அம்மா என்றார்கள். பழைய வாடிக்கைக்காரர்களின் பிள்ளைகளாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டு, எல்லாருடைய கன்னத்தையும் தடவி, நல்லா இருங்க மக்களே என்று சொல்லி அனுப்பினாள்.

விஷயத்தைப் போட்டு உடைத்தவள் இசபெல். ரீத்தம்மாளைவிட வயதில் இளையவள், அவளோடு ஒரே பஸ்ஸில் சருவம் ஏற்றியவள், இன்றைக்கும் வடசேரியில் மீன் விற்கிறவள். செவ்வாய்க்கிழமை தோறும் இரண்டு பேரும் அந்தோணியார் குருசடிக்கு நவநாள் ஜெபத்துக்குச் சேர்ந்து போவார்கள். அப்படிப் போன ஒருநாள் இசபெல் தன் போனைத் திறந்து காட்டினாள். ரீத்தம்மாள் ஒரு ஸ்டூல்மேல் ஏறி நின்று, கேமராவில் காதை ஒட்டவைத்து, மக்கா ஒறங்கியா என்று கேட்கிறாள். பின்னால் கழுதை கத்துகிற சத்தம் போட்டு, அதை மூன்று தடவை திரும்பத் திரும்ப ஓட்டியிருந்தார்கள். கீழே ஆயிரக்கணக்கான சிரிக்கிற முகங்கள். இசபெல் கண் கலங்கி, வாய்க்கு வந்தபடி சிஜோவை ஏச ஆரம்பித்தாள்.

ரீத்தம்மாள் போனைக் கையில் வாங்கி, கண்ணுக்குப் பக்கத்தில் வைத்து, இரண்டாவது தடவையும் பார்த்தாள். அவள் முகம் மலர்ந்துகொண்டே வந்தது.

"ஏட்டி, அப்பம் அவன் பாக்கான். பாக்காம இதை எப்படி எடுப்பான்?"

கழுதைச் சத்தம் அந்தக் காதில் விழவே இல்லை. இவளிடம் என்ன சொல்லி எதைப் புரியவைப்பது? இசபெல் போனை வாங்கிப் பையில் போட்டுக்கொண்டு, வா எக்கா, நவநாள் தொடங்கிருவாவ என்று மட்டும் சொன்னாள். அன்றிலிருந்து ரீத்தம்மாள் வீட்டில் நல்ல சேலையாகப் பார்த்து உடுத்தத் தொடங்கினாள்.

மழை விட்ட ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் அவள் விழுந்தாள். குளிக்கப் போவதற்காக நைட்டியோடு ஹாலைக் கடந்தவளின் காலுக்குக் குறுக்கே அந்த வட்ட மிஷின் வந்தது. ஒதுங்கியவள் சோபாவின் மூலையில் இடித்து, இடுப்பு தரையில் பட, மடங்கி விழுந்தாள். உள்ளே எலும்பு முறிந்த சத்தம் அவளுக்கே கேட்டது. போன் மாடியில் சார்ஜில் கிடந்தது. எழுந்திருக்கப் பார்த்தாள், உயிர் போகிற வலி. மல்லாந்தபடி கண்ணைத் திறந்தபோது நேர் மேலே கேமரா, அதன் சின்னச் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

ரீத்தம்மாளுக்கு நிம்மதி வந்தது. முதலில் அவள் செய்த காரியம், முழங்காலுக்கு மேல் ஏறியிருந்த நைட்டியை எட்டி எட்டி இழுத்துவிட்டதுதான். பெற்ற பிள்ளை பார்க்கிறானல்லவா. பிறகு பதறாதே மக்கா, ஒண்ணுமில்ல, சின்ன அடிதான், ஆரையாம் அனுப்பு என்று மெதுவான குரலில் மேலே பார்த்துச் சொன்னாள். சொல்லிவிட்டுக் காத்திருந்தாள். கத்தியிருந்தால் பக்கத்து வீட்டு டாக்டருக்கு என்ன, பார்வதிபுரம் பாலத்துக்கே கேட்டிருக்கும். அவள் கத்தவில்லை. சத்தம் போட்டால் மகனுக்குப் பிடிக்காது என்பது ஒன்று. எல்லாவற்றையும் அவன் பார்த்துக்கொண்டிருக்கும்போது எதற்காகக் கத்த வேண்டும் என்பது இன்னொன்று. மிஷின் மட்டும் ஹாலைச் சுற்றிச் சுற்றி வந்து அவள் தோளில் முட்டியது, விலகியது, மறுபடி வந்து முட்டியது. சார்ஜ் தீரும்வரை அப்படியே அவளைச் சுற்றிப் பெருக்கிக்கொண்டிருந்தது.

வெயில் ஏறிய நேரத்தில் வாசலில் பைக் சத்தம் கேட்டது. மகன் அனுப்பிய ஆள்தான் என்று அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். வந்தவன் பார்சல்காரன். கிரில் கதவுக்கு வெளியே நின்று கூப்பிட்டான். திறந்திருந்த வாசல் வழியாக அவனுக்குச் சோபாவின் ஓரத்தில் இரண்டு கால்கள் தெரிந்திருக்க வேண்டும்.

"அம்மா, என்ன தரையில கெடக்கீங்க? மேலுக்கு முடியலையா?"

அதற்குள் அவளுக்கு நைட்டி நனைந்துபோயிருந்தது. எத்தனை நேரம்தான் அடக்குவாள்? அந்நிய ஆண்பிள்ளை உள்ளே வந்து தூக்கினால் மானம் போகும். போதாததற்கு, தெரியாத ஆளை வீட்டுக்குள் விட்டதை மகன் பார்ப்பான்; விடக்கூடாது என்று அவன் கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறான்.

"ஒண்ணுமில்ல மக்கா, நீ அங்கன வச்சிட்டுப் போ. என் மகன் பாத்துட்டுத்தான் இருக்கான். ஆள் வருகு."

அவன் ஒரு நிமிடம் தயங்கினான். பிறகு பார்சலை வாசற்படியில் வைத்து, வைத்ததற்கு அத்தாட்சியாக அதைப் போனில் ஒரு போட்டோ எடுத்துக்கொண்டு போய்விட்டான். பைக் சத்தம் தெருவைத் தாண்டும்வரை ரீத்தம்மாள் கேட்டுக்கொண்டு கிடந்தாள்.

சாயங்காலம் நவநாளுக்கு வராதவளைத் தேடிக்கொண்டு இசபெல் வந்தாள். அவள் போட்ட கூச்சலில்தான் அந்தத் தெருவின் ஜன்னல்கள் முதல்முறையாகத் திறந்தன. ஆம்புலன்ஸில் போகும்போது, நாக்கு வறண்டு குழறிய நிலையிலும் ரீத்தம்மாள் கேட்டது ஒன்றுதான்: அவன்தானே உன்னைய விளிச்சான்? இசபெல் அவளுடைய முகத்தைப் பார்த்தாள். ஆமாக்கா, அவன்தான் விளிச்சுச் சொன்னான் என்றாள். பிறகு அடுத்த பக்கம் திரும்பி உட்கார்ந்து, ரீத்தம்மாளின் போனில் அவனுடைய நம்பரைத் தேடி, முதன்முதலாக அவனுக்கு விஷயத்தைச் சொன்னாள்.

சிஜோ துடித்துத்தான் போனான். நல்ல ஆஸ்பத்திரி, தனி அறை, இடுப்பில் ஆபரேஷன், வீட்டுக்கு வந்தபிறகு கூடவே இருக்க மார்த்தாண்டம் பக்கத்திலிருந்து ஜினி என்று ஒரு ஹோம் நர்ஸ் என்று எல்லாம் அங்கிருந்தபடியே ஏற்பாடு செய்தான். லீவு கிடைக்கவில்லை என்பதால் வரமட்டும் முடியவில்லை. அன்றைய பதிவை எடுத்துப் பார்க்கச் சொல்லி வினோஜிடம் சொன்னதும் அவன்தான்; அம்மா எப்படி விழுந்தாள் என்று டாக்டருக்குத் தெரிய வேண்டும் என்பதற்காக. வினோஜ் பார்த்தான். அஜிதாவும் பார்த்தாள், பார்த்து அழுதாள், உண்மையாகவே அழுதாள். அழுது முடித்ததும் அவளுக்குத் தோன்றியது, தனியாக இருக்கிற தாய்மாருக்கு இது ஒரு பாடமாக இருக்கட்டுமே என்று. சோகமான புல்லாங்குழல் சேர்த்து, நனைந்த இடத்தை மட்டும் மங்கலாக்கி, நடுவில் ஒரு பாத்திரக் கம்பெனி விளம்பரத்தையும் வைத்துப் போட்டார்கள்.

அயிலை அம்மா விழுந்துகிடப்பதை நாடே பார்த்தது. மிஷின் வந்து வந்து முட்டுகிற இடத்தில் சிலருக்குச் சிரிப்பு வந்தது, பலருக்கு அழுகை வந்தது. எல்லாரும் ஒரே கேள்வியைக் கேட்டார்கள்: உதவிக்கு வந்தவனை அந்த அம்மா ஏன் திருப்பி அனுப்பினார்? அஜிதா போன் பண்ணி, மாமி, எல்லாரும் கேக்காங்க, நீங்களே ஒரு வார்த்தை சொல்லிடுங்க என்றாள். ஜினி போனைப் பிடித்துக்கொள்ள, கட்டிலில் தலையணையில் சாய்ந்தபடி ரீத்தம்மாள் பெருமையாகச் சொன்னாள், என் மகன் அங்கயிருந்து பாத்துட்டே இருந்தான், அவன் ஆளனுப்புவான்னு எனக்குத் தெரியும், நெனச்சமாதிரியே அனுப்பினான். அந்த நம்பிக்கை அஜிதாவின் மனதைத் தொட்டது. யோசிக்காமல் அப்படியே போட்டுவிட்டாள்.

மறுநாள் பொழுது விடிவதற்குள் ஊரே சிஜோவைக் கிழித்துத் தோரணம் கட்டிவிட்டது. பெற்ற தாய் காலையிலிருந்து சாயங்காலம்வரை மூத்திரத்தில் கிடந்ததைப் பார்த்துக்கொண்டிருந்தானாம், பார்த்துப் படம் பிடித்தானாம், ஆளனுப்பவே பொழுது சாய்ந்ததாம். அவன் போட்டோவைப் போட்டு, வேலை பார்க்கிற கம்பெனியின் பெயரையும் போட்டு ஏசினார்கள். பாத்திரக் கம்பெனி விளம்பரத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டது. ஆபீஸில் மேனேஜர் கூப்பிட்டு விசாரித்தார். அன்றைக்குத்தான் சிஜோ, ஞாயிற்றுக்கிழமையாக இல்லாத ஒரு நாளில், அம்மாவுக்கு வீடியோ கால் போட்டான்.

ரீத்தம்மாளுக்கு மகன் முகத்தைக் கண்டதில் தலைகால் புரியவில்லை. மெலிஞ்சிட்டியே மக்கா என்றாள். அவன் அதைக் காதில் வாங்கவில்லை.

"நான் பாத்துட்டிருந்தேன்னு உங்ககிட்ட யாரும்மா சொன்னது?"

"ஆரு சொல்லணும்? நீதானே கேமரா வச்சிருக்கே."

"நான் பாக்கலம்மா. அன்னைக்கு மட்டும் இல்ல. அந்த ஆப்பே என் போன்ல இல்ல. போன் மாத்தினப்பவே போயிடுச்சு. வினோஜ்னு ஒருத்தன் இருக்கான், அவன்தான் பாத்து வெட்டி அனுப்புவான்."

அடுத்த அறையில் ஜினி பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

"அப்பம் நான் சோறு காட்டுனது?"

"எந்தச் சோறு?"

அவனுக்கு உண்மையிலேயே தெரியவில்லை. அவன் விஷயத்துக்கு வந்தான். அவன் பார்க்கவே இல்லை என்பதை அவள் ஒரு வீடியோவில் தன் வாயால் சொல்ல வேண்டும். அதைத் தவிர வேறு வழியில்லை. இல்லாவிட்டால் வேலைக்கே ஆபத்து. ரீத்தம்மாளுக்குப் பயம் வந்துவிட்டது. பாக்கவே இல்லன்னு சொன்னா உன்னைய இன்னும் ஏசமாட்டாவளா மக்கா என்று கேட்டாள். பார்த்துக்கொண்டே சும்மா இருந்தான் என்பதற்கு இது எவ்வளவோ மேல் என்றான் அவன். வேலை மும்முரம் என்றால் யாரும் தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டார்களாம்.

ஜினி அவளுக்குத் தலைசீவிப் பவுடர் போட்டு, போனைப் பிடித்தாள். லைனில் அஜிதா இருந்து சொல்லிக்கொடுத்தாள். முதல் தடவை ரீத்தம்மாள், அவனுக்கு வேலை, அதனால பாத்திருக்க மாட்டான் என்றாள். மாட்டான் என்றால் சந்தேகமாக இருக்கிறது, உறுதியாகச் சொல்லுங்க மாமி என்றாள் அஜிதா. இரண்டாவது தடவை வார்த்தை வந்தது, கூடவே கண்ணீரும் வந்துவிட்டது. ஐயோ மாமி, அழுதீங்கன்னா நாங்க மிரட்டிச் சொல்லவைக்கிற மாதிரி ஆயிரும், சிரிச்ச முகமா இருங்க என்றாள். ஜினி துண்டை நனைத்து முகத்தைத் துடைத்துவிட்டாள், பவுடரை மறுபடி போட்டாள்.

மூன்றாவது தடவை ரீத்தம்மாள் சிரித்தாள். சிரித்தபடியே சொன்னாள்:

"என் மகன் என்னையப் பாக்கல. அன்னைக்கும் பாக்கல, அதுக்கு முன்னாடியும் பாக்கல. நான்தான் பாக்கான்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன்."

சூப்பர் மாமி, இது போதும் என்று சொல்லி அஜிதா லைனை வைத்தாள். ஜினி அதை அனுப்புவதற்காகப் போனில் என்னவோ தட்டிக்கொண்டிருந்தாள். ரீத்தம்மாள் அவளையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு மெதுவாகக் கேட்டாள்.

"மக்கா, இதை அவன் பாப்பானா?"

"வினோஜ் அண்ணன் பாத்து ஓகே சொன்னா போதும்னு சொல்லியிருக்காவ அம்மா" என்றாள் ஜினி.

ரீத்தம்மாள் சரி என்று தலையாட்டினாள்.